பொறியாளர் அர்விந்த் குப்தாவின் வழி நம் பள்ளிக்கூடங்களுக்கு ஒத்துவருமா?

பழைய_லேத்:

ஊக்கு, டார்ச் செல், ஒரு துண்டுக் காந்தம் வைத்து மோட்டார் சுற்றவைக்கும் காணொளி உங்கள் வாட்ஸப்பில் ஒருமுறையாவது வந்திருக்கும். நம் நாட்டில் அதைப் பள்ளி பள்ளியாகக் கொண்டுபோனவர் அர்விந்த் குப்தா. 2018இல் பத்மஸ்ரீ கொடுத்தார்கள். பொம்மை செய்யும் தாத்தா என்றே பலர் நினைத்துக்கொண்டிருக்கிறார்கள், அதனால் பின்கதையைச் சொல்லிவிட்டு என் கேள்விக்கு வருகிறேன்.

1953இல் உத்தரப் பிரதேசம் பரேலியில் பிறந்தவர். கான்பூர் ஐஐடியில் மின்பொறியியல், 1975 வருடத்து பேட்ச். மாணவராக இருந்தபோதே விடுதி மெஸ்ஸில் வேலை செய்பவர்களின் பிள்ளைகளுக்குப் பாடம் சொல்லிக் கொடுத்திருக்கிறார். படித்து முடித்ததும் புனேயில் டெல்கோ, அதாவது இன்றைய டாடா மோட்டார்ஸ். லாரி செய்யும் வேலை. 1978இல் ஓராண்டு விடுப்பு எடுத்துக்கொண்டு மத்தியப் பிரதேசம் ஹோஷங்காபாத் போய், அங்கே நடந்துகொண்டிருந்த அறிவியல் கற்பித்தல் திட்டத்தில் சேர்ந்தார். கொஞ்ச காலத்தில் வேலையையே விட்டுவிட்டார்.

எனக்கு அவரிடம் பிடித்தது தியாகக் கதை இல்லை. பொறியாளர் புத்தி. ஹோஷங்காபாத் வாரச்சந்தையில் என்ன கிடைக்கிறது என்று பார்த்தார். சைக்கிள் வால்வு டியூப் கிடைத்தது. இரண்டு செ.மீ. துண்டு நறுக்கி, இரு பக்கமும் தீக்குச்சியைச் செருகினால் வளையும் மூட்டு. மூன்று குச்சியில் முக்கோணம், நான்கில் சதுரம். சதுரத்தை அழுத்தினால் சாய்ந்துவிடும், முக்கோணம் அசையாது. டிரஸ் பாலத்தில் (இரும்புச் சட்டங்களைக் கோத்துக் கட்டுவது) ஏன் முக்கோணமாகப் போடுகிறார்கள் என்பதைக் கல்லூரி இரண்டாம் வருடத்தில் எங்களுக்குச் சூத்திரமாகச் சொன்னார்கள். அங்கே ஆறாம் வகுப்புப் பிள்ளை விரலால் அழுத்தித் தெரிந்துகொள்கிறது. இதையெல்லாம் வைத்து அவர் எழுதிய தீக்குச்சி மாதிரிகள் புத்தகம் 1987இல் வந்து, பல இந்திய மொழிகளுக்குப் போனது.

நான் இயந்திரவியல் படித்து, பம்ப் தயாரிக்கும் நிறுவனத்தில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவன். பக்கத்து அரசு நடுநிலைப் பள்ளியில் சனிக்கிழமை மதியம் வரச் சொல்லியிருக்கிறார்கள். எதிலிருந்து ஆரம்பிக்கலாம்? இப்படி நாம் செய்வதால் உண்மையில் ஏதாவது பயன் இருக்குமா? வகுப்பறை அனுபவம் உள்ளவர்கள் சொல்லுங்கள்.

---

சாக்பீஸ்_டீச்சர்:

வணக்கம் சார். வாருங்கள், ஆள் தேவைதான்.

நீங்கள் மோட்டாரில்தான் ஆரம்பிக்கப்போகிறீர்கள், எல்லாப் பொறியாளர்களும் அதைத்தான் செய்வார்கள். அதனால் அதைப் பற்றியே சொல்கிறேன். எனாமல் பூசிய செம்புக் கம்பியை செல்லின் மேலேயே பத்துச் சுற்றுப் போல் சுற்றி உருவினால் வளையம் வந்துவிடும். இரு முனையையும் நேரெதிராக நீட்டி, செல்லின் இரு பக்கமும் சைக்கிள் டியூப் வளையத்தால் இறுக்கிய ஊக்குகளின் காதில் நுழைக்க வேண்டும். கீழே காந்தம். ஒரு முனையில் எனாமலை முழுக்கச் சுரண்டலாம். மறு முனையில் பாதிச் சுற்றளவுதான் சுரண்ட வேண்டும்.

இங்கேதான் வகுப்பே நின்றுபோகும். சுரண்டு என்றால் பிள்ளைகள் பிளேடை வைத்துப் பளபளவென்று முழுக்கச் சுரண்டிவிடுவார்கள். சுத்தமாக வேலை செய்கிறவள்தான் முதலில் மாட்டிக்கொள்வாள். வளையம் சுற்றாமல் இப்படியும் அப்படியும் ஆடிக்கொண்டு நிற்கும். வேலையில் கொஞ்சம் அசட்டையான பையனுடையது சுற்றும், அவன் அரைகுறையாகச் சுரண்டியிருப்பான். அப்போது கேட்க வேண்டும், இது ஏன் சுற்றுகிறது, அது ஏன் சுற்றவில்லை என்று.

மின்சாரம் ஓடும்போது வளையம் ஒரு காந்தம். அதன் ஒரு முகத்தைக் கீழே உள்ள காந்தம் இழுக்கிறது. இழுபட்டு அரைச்சுற்று வந்தபின்னும் மின்சாரம் அப்படியே ஓடினால், இப்போது அதே காந்தம் அதைப் பின்னுக்கு இழுக்கும். ஊசலாட்டம்தான் மிச்சம். அந்த அரைச்சுற்றில் எனாமல் பக்கம் ஊக்கில் பட்டால் மின்சாரம் நிற்கும், வளையம் வந்த வேகத்தில் மீதியைக் கடந்துவிடும். பத்தாம் வகுப்புப் புத்தகத்தில் திசைமாற்றி என்று படம் போட்டு பாகம் குறிக்கச் சொல்கிறோமே, அதன் வேலை இவ்வளவுதான்.

ஒரு எச்சரிக்கை. முழுக்கச் சுரண்டியதும் சில சமயம் சுற்றித் தொலைக்கும். வளையம் குதிக்கும்போது தொடர்பு விட்டுவிட்டு வருவதால் அப்படி ஆகிறது. உங்கள் விளக்கத்தைப் பிள்ளைகள் முன்னாலேயே அது உடைக்கும். அதற்கும் தயாராகப் போங்கள். வளையத்துக்கு மின்தடை மிகக் குறைவு, செல் சூடாகும், ஊக்கில் வைத்துவிட்டு மறந்துபோகக் கூடாது.

---

தாமிரபரணிக்காரன்:

எல்லாம் சரி. ஆனால் ஒன்று கேட்கிறேன், கோபித்துக்கொள்ளாதீர்கள். இந்த மாதிரி நிகழ்ச்சிகள் எங்கள் பள்ளிக்கும் வந்திருக்கின்றன. வெளியிலிருந்து ஒருவர் பெட்டியோடு வருவார். மேசையில் அடுக்குவார். பிள்ளைகள் கைதட்டுவார்கள். அவர் படம் எடுத்துக்கொண்டு போய்விடுவார். மறுநாள் நான் அதே கரும்பலகையில் அதே ஒளிவிலகலை நடத்துவேன், எவன் முகத்திலும் ஈயாடாது. நேற்று வந்தவர் ஹீரோ, நான் வில்லன்.

எட்டாம் வகுப்பில் 43 பேர் இருக்கிறார்கள். பாடம் முடிக்க வேண்டும், பதிவேடு எழுத வேண்டும், செயலியில் ஏற்ற வேண்டும். பத்தாம் வகுப்பில் செய்முறைக்கு 25 மதிப்பெண் இருக்கிறது, யாருக்குக் குறைகிறது? உதட்டளவில் பேச எனக்கும் தெரியும். பொம்மை செய்வதால் படிப்பு வரும் என்பதற்கு என்ன ஆதாரம்?

---

பழைய_லேத்:

கோபமே இல்லை சார், இந்தக் கேள்விக்காகத்தான் இழையைத் தொடங்கினேன். ஆனால் குப்தா ஹோஷங்காபாத் போனபோது பொம்மை காட்டப் போகவில்லை என்பது என் புரிதல். விவரம் தெரிந்தவர்கள் வரட்டும்.

---

நர்மதை_வாசகன்:

வேலை நிமித்தம் போபாலில் பல வருடம் இருந்தேன், அந்தத் திட்டத்தில் இருந்தவர்கள் சிலரோடு பழகியிருக்கிறேன். கொஞ்சம் நீளமாகவே எழுதுகிறேன்.

ஹோஷங்காபாத் (இப்போது நர்மதாபுரம்) திட்டம் குப்தா தொடங்கியதில்லை. 1972இல் 16 அரசு நடுநிலைப் பள்ளிகளில் ஆரம்பித்தது. கிஷோர் பாரதி என்ற அமைப்பும், ரசூலியாவில் இருந்த ஃபிரண்ட்ஸ் ரூரல் சென்டரும் சேர்ந்து செய்தன. கிஷோர் பாரதியின் அனில் சத்கோபால், டாடா அடிப்படை ஆய்வு நிறுவனத்தில் இருந்த உயிரியல் விஞ்ஞானி, அதை விட்டுவிட்டுக் கிராமத்துக்கு வந்தவர். அவர் கான்பூர் ஐஐடியில் பேசியதைக் கேட்ட மாணவர்களில் ஒருவர்தான் குப்தா. 1978இல் மாவட்டத்தின் எல்லா அரசு நடுநிலைப் பள்ளிகளுக்கும் திட்டம் விரிந்தது, அதே வருடம்தான் அவர் வந்தார். 1982இல் இதை நடத்துவதற்காகவே ஏகலவ்யா என்ற அமைப்பு உருவாயிற்று.

தாமிரபரணி நண்பர் கவனிக்க வேண்டியது இதுதான். அங்கே மேசைமேல் ஆசிரியர் செய்து காட்டுவது கிடையாது. நாலு பேர் ஒரு குழு, குழுவுக்கு ஒரு செட் சாமான். பால் வைஞானிக் (குழந்தை விஞ்ஞானி) என்று பாடநூல் இருந்தது, அதில் விடை இருக்காது. இதைச் செய், என்ன பார்த்தாய் எழுது, ஏன் அப்படி என்று மற்ற குழுவோடு பேசு, இப்படித்தான் போகும். நாணயம் சுண்டியும் பகடை உருட்டியும் நிகழ்தகவைக் கற்ற பிள்ளைகள் அவர்கள். விடையைப் பிள்ளையின் நோட்டில்தான் தேட வேண்டும், அதனால் நோட்டுதான் உண்மையான பாடநூல்.

தேர்வையும் மாற்றினார்கள். புத்தகமும் நோட்டும் திறந்து வைத்துக்கொண்டு எழுதலாம். செய்முறைத் தேர்வு தனியாக. மனப்பாடத்துக்கு மதிப்பெண் இல்லை என்றானதும் டியூஷன்காரர்களுக்கு வேலை இல்லாமல் போயிற்று.

சவாலிராம் என்று ஒரு கற்பனைப் பாத்திரம் வைத்திருந்தார்கள். பிள்ளைகள் எந்தச் சந்தேகத்தையும் அவருக்குக் கடிதமாக எழுதலாம், பதில் வரும். பல்லி ஏன் சுவரில் விழாமல் நிற்கிறது என்கிற ரகத்திலிருந்து, வாத்தியாரிடம் கேட்கவே முடியாத ரகம்வரை.

இதெல்லாம் நடந்ததற்குக் காரணம் ஆசிரியர்கள். கோடையில் வாரக்கணக்கில் பயிற்சி. பயிற்சியில் அவர்களே பிள்ளைகள்போல உட்கார்ந்து எல்லாப் பரிசோதனையும் செய்ய வேண்டும். டெல்லிப் பல்கலைக்கழகத்திலிருந்தும் டாடா அடிப்படை ஆய்வு நிறுவனத்திலிருந்தும் பேராசிரியர்கள் வந்து அவர்களோடு தரையில் உட்கார்ந்தார்கள். பள்ளி திறந்தபின் மாதம் ஒரு கூட்டம். எந்தப் பரிசோதனை கவிழ்ந்தது, எந்தக் கேள்விக்குப் பதில் தெரியவில்லை, சாமான் எங்கே தீர்ந்தது, எல்லாம் அங்கே பேசுவார்கள். பாடநூலே அந்தப் புகார்களை வைத்துத் திருத்தப்பட்டது.

2002இல் மாநில அரசு திட்டத்தை நிறுத்தியது. முப்பது வருடம் ஓடிய திட்டம். நாடு முழுக்க விஞ்ஞானிகள் கேட்டுக்கொண்டும் முடிவு மாறவில்லை. பெற்றோர் ஒரு பகுதியினருக்கே, உயர்நிலைப் பள்ளிக்குப் போனால் பிள்ளை எல்லோரையும்போல மனப்பாடம் செய்து எழுத வேண்டுமே என்ற பயம் இருந்தது. அந்தப் பயத்தைச் சும்மா தள்ளிவிட முடியாது.

---

கரும்பலகை:

நர்மதை_வாசகன், அருமை. குப்தா அதன்பின் என்ன செய்தார் என்பதையும் சொல்லியிருக்கலாம். திருவனந்தபுரத்தில் கட்டடக் கலைஞர் லாரி பேக்கரிடம் கொஞ்ச காலம் வேலை பார்த்தார். குறைந்த செலவில் செங்கல் கட்டடம் கட்டியவர் அல்லவா பேக்கர், பொருத்தமான ஆளிடம்தான் போயிருக்கிறார். 2003 முதல் 2014 வரை புனேயில் ஐயூக்கா வானியல் மையத்தின் குழந்தைகள் அறிவியல் கூடத்தில் இருந்தார், அதற்கு முக்தாங்கன் என்று பெயர். விண்மீன் ஆராய்ச்சி செய்கிற வளாகத்துக்குள் குப்பையிலிருந்து பொம்மை செய்யும் கொட்டகை. வானியல் விஞ்ஞானி ஜயந்த் நார்லீகர் நிறுவிய இடம், அதனால்தான் சாத்தியமாயிற்று என்று நினைக்கிறேன். எல்லாவற்றையும் இணையத்தில் இலவசமாகப் போட்டுவிட்டார், தமிழ்க் குரலோடும் காணொளிகள் உண்டு.

இப்போது என் சந்தேகம். கையால் கற்பது, கைத்தொழிலோடு படிப்பு என்று யார் ஆரம்பித்தாலும் நமக்கு 1953 ஞாபகம் வந்துவிடும். ராஜாஜி கொண்டுவந்த திட்டத்தில் கிராமப்புறத் தொடக்கப் பள்ளி மூன்று மணி நேரம்தான், மீதி நேரம் அப்பன் தொழிலைப் பழகு. குலக்கல்வி என்று பெரியாரும் திமுகவும் எதிர்த்தார்கள், காங்கிரஸுக்குள்ளேயே எதிர்ப்பு. 1954இல் ராஜாஜி பதவி விலகினார், காமராஜர் வந்து அதைக் கைவிட்டார். ஏழைப் பிள்ளைக்குக் கைவேலை, வசதியான பிள்ளைக்குக் கணிதம் என்று இது மறுபடி போய் நிற்காது என்று என்ன நிச்சயம்?

---

ஐடிஐ_மாஸ்டர்:

நியாயமான பயம், கரும்பலகை. ஃபிட்டர் பிரிவில் பிள்ளைகளுக்குச் சொல்லித்தருகிறவன் என்ற முறையில் என் பதில்.

குலக்கல்வியில் யார் என்ன செய்ய வேண்டும் என்பதைப் பிறப்பு முடிவு செய்தது. குயவர் வீட்டுப் பிள்ளை சக்கரத்துக்குப் போக வேண்டும், ஐயர் வீட்டுப் பிள்ளை போக வேண்டியதில்லை. ஹோஷங்காபாத்தில் எல்லாப் பிள்ளையும் ஒரே வகுப்பில் ஒரே தீக்குச்சியைப் பிடித்தது. அங்கே கை வேலை செய்தது சம்பாதிக்க இல்லை, கேள்விக்குப் பதில் தேட. இரண்டும் ஒன்றில்லை.

மறுபக்கத்தையும் பாருங்கள். என்னிடம் வருகிற பையன்களில் பாதிப்பேர் பள்ளியில் தத்தி என்று பெயர் வாங்கியவர்கள். ஒர்க்‌ஷாப் வைத்திருக்கும் அப்பாவோடு வளர்ந்தவன் கார்புரேட்டரைக் கழற்றிச் சுத்தம் செய்து மாட்டுவான். காற்றும் பெட்ரோலும் எந்த விகிதத்தில் போகிறது, ஸ்குரூவைத் திருகினால் ஏன் புகை மாறுகிறது என்பது அவனுக்குக் கையில் தெரியும். வெர்னியர் அளவியில் மீச்சிற்றளவு என்ன என்று வினாத்தாளில் கேட்டால் பூஜ்யம். கையில் வெர்னியரைக் கொடுத்தால் சரியாகப் படித்துச் சொல்கிறான். பள்ளியில் பத்து வருடம் அந்தக் கைக்குத் தெரிந்த எதையும் யாரும் கேட்கவே இல்லை. முக்கோணம் ஏன் அசையாது என்ற கேள்வி ஆறாம் வகுப்பில் வந்திருந்தால் முதலில் கை தூக்கியிருப்பவன் அவன்.

சாதி இந்த நாட்டில் கையையும் மூளையையும் பிரித்து வைத்தது. சேர்த்து வைக்கப் போகும்போது கவனமாகப் போக வேண்டும், அதை ஒப்புக்கொள்கிறேன்.

---

கரும்பலகை:

ஒப்புக்கொள்கிறேன் மாஸ்டர், ஒரே நிபந்தனையோடு. மெட்ரிக் பள்ளிப் பிள்ளைகளும் அதே தீக்குச்சியைப் பிடிக்கட்டும். அங்கே ரோபாட்டிக்ஸ் கிட், இங்கே ஊக்கும் செல்லும் என்றால் என் சந்தேகம் அப்படியேதான் இருக்கும்.

---

பீப்பி_ஊதி:

சீரியஸாகப் போகிறீர்கள், நடுவில் ஒரு சின்ன விஷயம். குப்தாவின் ஸ்ட்ரா புல்லாங்குழல் செய்யலாம் என்று போனேன். ஒரு முனையைத் தட்டையாக்கி, அம்பு முனைபோல வெட்டி, ஊதினால் பீ என்று கத்தும். ஊதிக்கொண்டே கத்தரியால் மறு முனையை நறுக்க நறுக்கச் சத்தம் உச்சத்துக்கு ஏறும், காற்றுத்தம்பத்தின் நீளம் குறைகிறதே. ஆனால் 2019 ஜனவரியிலிருந்து தமிழ்நாட்டில் பிளாஸ்டிக் ஸ்ட்ரா தடை. காகித ஸ்ட்ரா எச்சில் பட்டதும் நமத்துப்போய் ஊமையாகிவிடுகிறது.

அப்புறம் ஒரு பிள்ளை வாசலிலிருந்து பூவரசு இலையைப் பறித்து, சுருட்டி, முனையை நசுக்கி ஊதினாள். அதே பீ. இரண்டு நாக்கு அதிர்கிறது, அவ்வளவுதான், நாகஸ்வரச் சீவாளியிலும் அதேதான் நடக்கிறது. நீளமாகச் சுருட்டினால் கட்டை, குட்டையாகச் சுருட்டினால் கீச்சு. வாரச்சந்தையில் கிடைப்பதை வைத்துச் செய் என்றவர் வழி இதுதானே? பிலிம் ரோல் டப்பாவில் பம்ப் செய்யும் காணொளியை இன்னும் பகிர்கிறவர்கள் அந்த டப்பா கடைசியாக எந்தக் கடையில் கிடைத்தது என்று சொல்லட்டும்.

---

தாமிரபரணிக்காரன்:

நர்மதை_வாசகனுக்கு நன்றி. நான் பார்த்த கைதட்டல் நிகழ்ச்சியும் நீங்கள் சொல்வதும் வேறு என்று புரிகிறது. இருந்தாலும் விடமாட்டேன்.

கிர்ஷ்னர், ஸ்வெல்லர், கிளார்க் மூவரும் 2006இல் எழுதிய கட்டுரை ஒன்று கல்வியியலில் பிரபலம். வழிகாட்டல் குறைவாக வைத்து, பிள்ளையே கண்டுபிடிக்கட்டும் என்று விடுவது புதிதாகக் கற்பவருக்குப் பலன் தருவதில்லை என்பது அவர்கள் வாதம். ஒரே நேரத்தில் மனத்தில் வைத்துக்கொள்ள முடிவது கொஞ்சம்தான். கம்பி, ஊக்கு, காந்தம், பக்கத்துப் பையனின் முழங்கை எல்லாம் சேர்ந்து அந்த இடத்தை அடைத்துக்கொண்டால் கருத்து எங்கே போய் உட்காரும்? தெளிவாகச் சொல்லிக்கொடுத்துவிட்டு, அப்புறம் செய்யச் சொல்வதில் என்ன தப்பு?

எங்கள் மாநிலத்திலேயே பார்த்தோம். 2003இல் சென்னை மாநகராட்சியின் 13 பள்ளிகளில், பாட அட்டைகளை வைத்துப் பிள்ளைகள் தாங்களே செய்து படிக்கும் செயல்வழிக் கற்றல் ஆரம்பித்தது, 2007இல் மாநிலம் முழுக்க. நோக்கம் நல்லது, முதலில் செய்த பள்ளிகளில் நன்றாகவும் நடந்தது. பிள்ளைகள் எழுதத் தாழ்வான கரும்பலகையே போட்டார்கள். எல்லா ஊருக்கும் போனபோது பல இடங்களில் அட்டையை எடு, அட்டையை முடி, அட்டையை வை என்று ஆகிப்போனது. கையில் அட்டை இருந்தது, தலையில் என்ன ஓடியது என்று யாரும் கேட்கவில்லை.

---

சாக்பீஸ்_டீச்சர்:

தாமிரபரணி சார், அந்தக் கட்டுரையோடு எனக்குச் சண்டை இல்லை. வழிகாட்டாமல் விடு என்று நான் சொல்லவும் இல்லை. மோட்டாரில் பாருங்கள். எப்படிச் சுற்ற வேண்டும், எப்படிச் செருக வேண்டும் என்று நான் ஒவ்வொரு படியும் சொல்லிக்கொடுப்பேன், அதில் கண்டுபிடிக்க ஒன்றுமில்லை. பாதி சுரண்டு என்பதை மட்டும் சொல்லாமல் விடுவேன். கேள்வி அந்த ஒரே இடத்தில்தான். மீதி எல்லாவற்றையும் சொல்லிக்கொடுத்ததால்தான் அவர்கள் மூளைக்கு அந்த ஒன்றைப் பிடிக்க இடம் இருக்கிறது.

எந்த இடத்தில் வாயை மூடிக்கொள்ள வேண்டும் என்பதைக் கற்றுக்கொள்வதுதான் எங்களுக்குக் கஷ்டம். காணொளியில் அது வராது. குப்தா நாலு நிமிடத்தில் செய்து முடித்துவிடுகிறார், அவருடையது எப்போதும் சுற்றுகிறது. என் வகுப்பில் பதினான்கு மோட்டாரில் ஐந்து சுற்றினால் அன்று நல்ல வகுப்பு, ஒன்பது பேர் ஏன் என்று கேட்பார்கள்.

அட்டை விஷயத்தில் நீங்கள் சொன்னது முழுக்கச் சரி. நர்மதை_வாசகன் சொன்ன மாதக் கூட்டம் இல்லாவிட்டால் எந்தச் சாமானும் அப்படித்தான் ஆகும். பக்கத்துப் பள்ளி ஆசிரியர்கள் கூடும் எங்கள் குறுவளமையக் கூட்டத்தில் சுற்றறிக்கை படிக்கிறோம், கையெழுத்துப் போடுகிறோம், டீ குடித்துவிட்டு வருகிறோம். உன் வகுப்பில் எந்தப் பரிசோதனை கவிழ்ந்தது என்று ஒருவர்கூட என்னைக் கேட்டதில்லை.

---

வானவில்_தங்கச்சி:

நான் வானவில் மன்றக் கருத்தாளராக இருந்தவள். தெரியாதவர்களுக்கு: 2022 நவம்பரில் திருச்சி காட்டூரில் தொடங்கிய அறிவியல், கணிதச் செய்முறைத் திட்டம், 13,210 அரசுப் பள்ளிகள், ஆறு முதல் எட்டாம் வகுப்பு வரை. கருத்தாளர்கள் சாமானோடு பள்ளி பள்ளியாகப் போவோம். பலரும் அறிவியல், கணிதப் பட்டதாரிப் பெண்கள், ஸ்கூட்டியில்.

தாமிரபரணி அண்ணா சொன்ன ஹீரோ வில்லன் கதை எங்களுக்கும் தெரியும். சில பள்ளியில் நாங்கள் போனதும் ஆசிரியர், அப்பாடா, நீங்கள் பார்த்துக்கொள்ளுங்கள் என்று அலுவலக வேலைக்குப் போய்விடுவார். அங்கே நாங்கள் வித்தைக்காரர்கள் மட்டும்தான். ஆசிரியர் கூடவே உட்கார்ந்து, தானும் ஒரு குழுவில் சேர்ந்து செய்த பள்ளிகளில் அடுத்த முறை போகும்போது, அக்கா, நாங்க அதை வேற மாதிரி செஞ்சோம் என்று பிள்ளைகள் ஏதாவது எடுத்துவந்து காட்டுவார்கள். ஒரு பள்ளியில் நான் காந்தம் ஒன்று வைத்துக் காட்டிய மோட்டாரில் இரண்டை அடுக்கி வேகம் கூடுகிறதா என்று பார்த்திருந்தார்கள். சுற்றை எப்படி எண்ணுவது என்று தெரியாமல், வளையத்தில் சின்னக் காகிதக் கொடி ஒட்டி, அது அட்டையில் உரசும் சத்தத்தைக் கேட்டு எது வேகம் என்று முடிவு செய்திருந்தார்கள். நான் அதைச் சொல்லிக்கொடுக்கவே இல்லை.

அதனால் பழைய_லேத் ஐயாவுக்கு ஒரு வேண்டுகோள். அறிவியல் ஆசிரியர் இல்லாத சனிக்கிழமையில் போகாதீர்கள். அவரும் இருக்கும் நாளாகக் கேளுங்கள். முன்னாடியே சாமானை அவரிடம் கொடுத்துச் செய்துபார்க்கச் சொல்லுங்கள்.

---

நர்மதை_வாசகன்:

வானவில்_தங்கச்சி சொன்னதை வழிமொழிகிறேன். வெளியிலிருந்து வந்த பொறியாளர் ஒருவர் ஹோஷங்காபாத்தில் பலன் கொடுத்ததற்குக் காரணம், அவர் வருவதற்கு ஆறு வருடம் முன்பே ஆசிரியர்களை வைத்து ஒரு அமைப்பு அங்கே ஓடிக்கொண்டிருந்தது. வால்வு டியூப் அந்த அமைப்புக்குள் போய் விழுந்தது. புத்தகமும் காணொளியும் இன்று உலகம் முழுக்கக் கிடைக்கின்றன. அந்த அமைப்பை 2002க்குப் பிறகு அந்த அளவில் யாரும் திரும்பக் கட்டவில்லை. குப்தாவைக் கொண்டாடுகிற கட்டுரைகளில் இந்தப் பாதியை ஏனோ விட்டுவிடுகிறார்கள்.

---

பழைய_லேத்:

எல்லோருக்கும் நன்றி. தலைமையாசிரியரிடம் பேசி, அறிவியல் டீச்சர் இருக்கும் நாளாக மாற்றிக்கொண்டேன். டீச்சரின் கையில் ஒரு செட் சாமான் கொடுத்தாயிற்று. மோட்டார் பிறகு, முதலில் தீக்குச்சி என்று அவரே சொல்லிவிட்டார்.

இப்போது சாமான் பிரச்சினை. கடையில் வாங்கியது மெழுகுத் தீக்குச்சி, டியூபுக்குள் செருகினால் வளைகிறது. மரக்குச்சிப் பெட்டியைத் தேடிப்பிடித்தேன், ஆனால் ஒவ்வொன்றிலும் மருந்தைச் சுரண்டிக்கொண்டு உட்கார முடியவில்லை. மருந்தோடு நாற்பது பிள்ளைகளிடம் கொடுக்கவும் மனம் வரவில்லை. வேறு வழி உண்டா?

---

கோவில்பட்டி_மாப்ளே:

அண்ணே, எங்க ஊர்ப் பக்கம் மருந்து தோய்க்காத வெறும் குச்சி தீப்பெட்டி ஆபீஸ்களில் மூட்டையாகவே இருக்கும். பள்ளிக்கூடத்துக்கு என்று சொன்னால் சும்மாவே அள்ளிக் கொடுப்பார்கள். முகவரியைத் தனிச் செய்தியில் அனுப்புங்கள், ஒரு கிலோ பார்சல் போடுகிறேன். ஒரு கிலோவுக்கு ஆயிரக்கணக்கில் குச்சி நிற்கும், பக்கத்துப் பள்ளிக்கும் கொடுங்கள். கொஞ்சம் தடித்த குச்சியாகப் பார்த்து எடுக்கிறேன், வால்வு டியூப் ஓட்டைக்கு இறுக்கமாக இருக்கும்.

---

பழைய_லேத்:

மாப்ளே, பெரிய உதவி. டியூபுக்குக் கணக்குப் போட்டேன். மூன்று பேருக்கு ஒரு குழு, 14 குழு. முக்கோணம், சதுரம், ஐங்கோணம் மூன்றுக்கும் சேர்த்துக் குழுவுக்கு 12 மூட்டு, மூட்டுக்கு 2 செ.மீ. மொத்தம் 3.36 மீட்டர். கடித்துப் பார்ப்பார்கள், தொலைப்பார்கள் என்று 5 மீட்டர் வாங்குகிறேன். வீட்டிலேயே நறுக்கி, கவரில் போட்டு, குழுவுக்கு ஒன்றாகக் கொண்டுவரலாம் என்றிருக்கிறேன்.

---

சாக்பீஸ்_டீச்சர்:

நறுக்காமல் கொண்டுபோங்கள் சார். 24 செ.மீ. துண்டாக மட்டும் குழுவுக்குக் கொடுத்து, அவர்களே அளந்து நறுக்கட்டும். நீட்டி இழுத்துப் பிடித்து அளந்துவிட்டு, வெட்டியதும் ஏன் சின்னதாகிவிட்டது என்று ஒரு குழுவாவது சண்டை போடும், அரை மணி நேரம் அதற்கே போகும், போகட்டும். கத்தரிக்கோல் எல்லாக் குழுவுக்கும் வேண்டும், பள்ளியில் இரண்டுதான் இருக்கும். ஸ்கேலும் ஏழெட்டு வாங்கிக்கொண்டு போங்கள்.